மழை தூறிய நான்கு வாக்குமூலங்கள்

ஜூலை 7, திங்கள்

காலையிலிருந்தே புழுக்கம். மேகம் கூடி நின்றது, மழை இல்லை. சென்னையிலிருந்து முதல் பேருந்து. ஆரணியில் இறங்கும்போது ஒன்பதரை. லாட்ஜில் அறை. சித்தப்பா வீடு நடந்தால் பத்து நிமிடம்தான், ஆனாலும் அங்கே தங்கவில்லை.

இன்று செய்ய வேண்டியவை:
– தேன்மொழி அலுவலகம், கேஸ் கட்டு
– தீர்ப்பின் சான்றிட்ட நகல்
– கண்ணாடிக்கு ஸ்க்ரூ
– கல்லூரிக்கு விடுப்பு நீட்டிப்புக் கடிதம்

தேன்மொழி என்னிடம் சட்டம் படித்தவள். இப்போது இங்கேயே வக்கீல். போன வாரம் போனில் சொன்னாள்: "மேடம், நீங்க இருளருங்க மேல போட்ட திருட்டு கேஸா தேடிகினு இருக்கீங்கன்னு தெரியும். என்கிட்ட ஒண்ணு வந்திருக்குது. அப்பீல். புகார் குடுத்தவரு பேரச் சொல்றேன், அப்புறம் வரீங்களா இல்லியான்னு சொல்லுங்க."

பேர் தாமோதரன். என் அப்பாவின் தம்பி. பட்டு நெசவாளர்களுக்குப் பாவு நூல் கொடுத்துப் புடவையாக நெய்து வாங்குபவர். என்னைக் கல்லூரியில் சேர்த்துவிட்டவரும் அவரே.

வருகிறேன் என்று சொல்ல எனக்கு ஒரு நாள் பிடித்தது. அதையும் இங்கே எழுதி வைக்கிறேன்.

கேஸ் இதுதான். கன்னியப்பன், வயது முப்பத்தொன்று, ஏரிக்கரை இருளர் குடியிருப்பு. சித்தப்பாவின் தறிக்கூடப் பூட்டை உடைத்து மூன்று பட்டுப் புடவைகளைத் திருடியதாக மூன்று வருடத் தண்டனை. உள்ளே போய் ஒரு வருடம் இரண்டு மாதம். ஆதாரம் மூன்றே. போலீசில் கொடுத்ததாகச் சொல்லும் வாக்குமூலம். அதன்பேரில் குடிசையில் 'கைப்பற்றிய' புடவைகள். அவை என்னுடையவைதான் என்று கூண்டில் ஏறிச் சொன்ன சித்தப்பா.

வாக்குமூலத்தை மதியம் இரண்டு முறை படித்தேன். நடுவில் ஒரு வரி: "மழை தூரிக்கொண்டிருந்தபடியால் நாய் குரைக்கவில்லை."

திருட்டு நடந்தது சித்திரை கடைசியில், அக்னி நட்சத்திர வெயிலில். சித்தப்பா வீட்டில் நாய் வளர்த்ததே இல்லை. சித்திக்கு நாய் என்றால் நடுக்கம்.

ஸ்க்ரூ போடவில்லை. கண்ணாடி மூக்கிலேயே நிற்கவில்லை.


ஜூலை 8, செவ்வாய்

அந்த வரியை எங்கேயோ படித்திருக்கிறேன் என்று எழுந்ததிலிருந்து ஒரே அரிப்பு. காபி வாங்கி வந்து மடிக்கணினியைத் திறந்தேன். ஆய்வுக்காகச் சேர்த்து வைத்த கேஸ் கட்டுகள். பத்து மணிக்குக் கிடைத்தது. பதினொன்றுக்கு இன்னொன்று. ஒரு மணிக்கு மூன்றாவது.

– தேசூர்ப் பக்கத்து ஆள். தாலிச் சங்கிலி. கார்த்திகை.
– பெரணமல்லூர்ப் பக்கம். தண்ணீர் மோட்டார். மாசி.
– அதே பக்கம், இன்னொருவர். செம்புக் கம்பி. பங்குனி.
– கன்னியப்பன். புடவை. சித்திரை.

நாலு பேரும் இருளர். நாலிலும் மழை தூறுகிறது. நாலிலும் நாய் குரைக்கவில்லை. "தூறிக்கொண்டிருந்தபடியால்" என்ற சொல்லில் றகரத்துக்குப் பதில் நாலிலும் ரகரம். ஸ்டேஷன் வேறு வேறு, விசாரணை அதிகாரி ஒரே ஆள். போகிற இடத்துக்கெல்லாம் மழையையும் நாயையும் கூடவே எடுத்துப் போயிருக்கிறார்.

அரசு வக்கீல் படிக்கவில்லை. எதிரி என்று கோர்ட் சொல்லும் குற்றம் சாட்டப்பட்டவர்களின் வக்கீல்கள் படிக்கவில்லை. நீதிபதிகள் படிக்கவில்லை. இருளன், திருட்டு என்ற இரண்டு வார்த்தையோடு எல்லோருக்கும் படிப்பு முடிந்துவிட்டது.

இன்னொன்றும் எழுத வேண்டும். முதல் மூன்றும் எட்டு மாதமாக என்னிடமே இருக்கின்றன. தண்டனைக் காலம், கைது செய்த நாள், ஜாமீன் உண்டா இல்லையா என்று கட்டம் கட்டமாக நிரப்பிக்கொண்டிருந்தேன். வாக்குமூலத்தை நானும் படிக்கவில்லை.

போன மாதம் என் கட்டுரையைத் திருப்பி அனுப்பிய இதழ்க்காரர்கள் எழுதியிருந்தார்கள்: தனித்தனிச் சம்பவங்களாகவும் இருக்கக்கூடும், அமைப்பே சாய்ந்திருக்கிறது என்பதற்குப் போதிய ஆதாரம் இல்லை. இருக்கட்டும். இந்த நான்கு தாள்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து அனுப்புகிறேன்.

சாயந்திரம் தேன்மொழியோடு ஏரிக்கரை. பன்னிரண்டு வீடு. கன்னியப்பனின் மனைவி காசியம்மா செங்கல் சூளை வேலை முடித்து அப்போதுதான் வந்திருந்தார். முகமெல்லாம் செம்மண். கழுவிக்கொண்டு வந்து உட்கார்ந்தார்.

"அவரு எதுக்கும்மா அந்த வூட்டுக்குப் போனாரு?" என்று கேட்டாள் தேன்மொழி.

"பாம்பு புடிக்க. அவங்கதான் ஆள் அனுப்பிக் கூப்புட்டாங்க. தறிக்குழியில சாரை பூந்துகிச்சுன்னு. புடிச்சுத் தூர வுட்டுட்டு வந்தாரு. அந்த அம்மா சோறு போட்டாங்களாம். நல்லா பேசனாங்கன்னு வந்து சொன்னாரு."

"அப்புறம்?"

"பத்து நாள் இருக்கும். ஜீப்பு வந்துச்சு. அந்த வூட்ல காணாம போனது உனக்குத்தான் தெரியும்னு இழுத்துகினு போனாங்க. மூணு நாள் எங்க வெச்சிருக்காங்கன்னே தெரியல. நாலாம் நாள் இங்க கூட்டியாந்து, குடிசைக்குள்ள அவங்களே போயி அவங்களே வெளிய வந்தாங்க. கையில பையி."

அவர் அழவில்லை. சொல்லிச் சொல்லி வரிசையாக வந்துவிட்ட பேச்சு. கடைசியில் என்னைப் பார்த்து, "நீங்க எந்த ஊரும்மா?" என்றார்.

ஆரணிதான் என்றேன். யார் வீடு என்று சொல்லவில்லை.


ஜூலை 10, வியாழன்

வேலூர் சிறை. தேன்மொழியோடு மனு எழுதிக் கொடுத்துவிட்டுக் காத்திருந்தது இரண்டரை மணி நேரம். மின்விசிறிக்குக் கீழே இருந்த ஒரே பெஞ்சில் ஒருவர் படுத்துத் தூங்கிக்கொண்டிருந்தார்.

கன்னியப்பன் ஒல்லி. இடது கை மணிக்கட்டு சரியாகத் திரும்பவில்லை. எப்படி என்று கேட்டதற்கு "அங்க" என்றார். எங்கே என்று கேட்க வேண்டியிருக்கவில்லை.

வாக்குமூலத்தைப் படித்துக் காட்டினேன். யாரும் அவருக்குப் படித்துக் காட்டியதில்லை. பொறுமையாகக் கேட்டவர் அந்த வரி வந்ததும் நிறுத்தச் சொன்னார்.

"சித்திரையில எங்கம்மா மழை? மழ பேஞ்சிருந்தா நாங்க ஈசல் புடிக்கப் போயிருப்போம்."

இங்கே சொல்லாமல் இருப்பது தப்பு என்று பட்டது. நான் தாமோதரனுடைய அண்ணன் மகள் என்றேன்.

"தெரியும்மா. மூக்கு அப்படியே அவர மாதிரி."

"அப்புறம் ஏன் என்கிட்ட பேசறீங்க?"

"வேற யாரும் வரலியே."

திரும்பும் வழியில் கண்ணமங்கலம் தாண்டி டீ. அவள் பஜ்ஜி வாங்கினாள். எனக்கு இறங்கவில்லை.


ஜூலை 12, சனி

சித்தப்பா வீடு. வேண்டுமென்றே அவர் இல்லாத நேரம். முள்ளிப்பட்டுக்குப் பாவு கொடுக்கப் போயிருந்தார்.

சித்திக்கு நான் எதற்கு வந்தேன் என்று முன்னமே தெரிந்திருக்கிறது. ஏரிக்கரைக்குப் போனது ஊரெல்லாம் தெரிந்துவிட்டதாம்.

"லாட்ஜ்லயா தங்கறது? ஜனங்க இன்னா பேசுவாங்க?"

"சித்தி, கோர்ட்லேர்ந்து திருப்பிக் குடுத்த புடவை மூணும் எங்க?"

சித்தி உள்ளே போனாள். பீரோவைத் திறக்கும் சத்தம். போலீஸ் கட்டிய வெள்ளைத் துணி மூட்டையை அப்படியே கொண்டு வந்து என் மடியில் வைத்தாள். கோர்ட் கேட்கும்போது திருப்பிக் காட்ட வேண்டும் என்று எழுதிக் கொடுத்து வாங்கி வந்தவை. அதனால் விற்க முடியாமல் கிடக்கின்றன.

மூன்றையும் முந்தானை முடியும் இடம் வரை பிரித்தேன். சித்தப்பா தன் ஆட்களுக்கு வைத்திருக்கும் விதி ஒன்று: யார் நெய்தாலும் முந்தானை முடிந்ததும் பச்சை நூல் இரண்டு இழை போட வேண்டும். கடைக்காரர்கள் மாற்றிக் கொடுத்துவிட்டுச் சண்டை போடுவார்கள் என்று அவரே ஆரம்பித்தது. எட்டு வயதிலேயே அந்தப் பச்சையைத் தேடிச் சரிபார்ப்பது என் வேலை.

மூன்றிலும் பச்சை இல்லை.

"எனக்கு அன்னிக்கே தெரியும்" என்றாள் சித்தி. "கோர்ட்லேர்ந்து கொண்டாந்த அன்னிக்கே பிரிச்சுப் பாத்தேன். இது நம்ம சரக்கே இல்லன்னு சொன்னேன். நீ சும்மா இருன்னாரு. அதுலேர்ந்து அந்த பீரோவ நான் தொடறதில்ல. துணிமணியெல்லாம் பெட்டியில வெச்சிருக்கேன்."

"ஏன் சித்தி என்கிட்ட சொல்லல?"

"நீ கேட்டியா?"

உண்மை. கேட்கவில்லை. குற்றவாளிக் கூண்டில் நின்றவர் பேரைக்கூட நான் தேன்மொழியிடம்தான் தெரிந்துகொண்டேன்.


ஜூலை 13, ஞாயிறு

சித்தப்பாவோடு பேசியாயிற்று. எழுத்து கோணல்.

தறிக்கூடத்தில் நின்றபடியே. தறி ஓட்டுகிறவர்களுக்கு லீவு. அவர் உட்காரச் சொல்லவில்லை.

பச்சை நூலைப் பற்றிக் கேட்டேன். மறுக்கவில்லை. அதுதான் எனக்கு இன்னும் கோபம்.

"ஸ்டேஷன்ல கூப்ட்டு மூணு பொடவ காட்னாங்க. உன்னுதான்னாங்க. இல்லீங்கன்னேன். அவன் ஒத்துகினான், உன் பொடவைய வித்துட்டான், இது அவன் வேற எடத்துல எடுத்தது, நீ உன்னுதுன்னு சொன்னா கேஸ் முடிஞ்சிடும், இல்லன்னா நீயும் நடந்துகினே இருப்பேன்னாங்க. எனக்கு யாவாரம் இருக்குது. பேஜார்மா அது."

"அதுக்காக ஒரு ஆள உள்ள வெப்பீங்களா?"

"அவன்தானே எடுத்தான்."

"யாரு சொன்னது?"

"வேற யாரு எடுப்பாங்க? அந்த ஆளுங்க அப்படித்தானே."

என் சொந்தச் சித்தப்பா. எந்தப் பிராணியையும் அடிக்கவிடாதவர். அன்று பாம்பை அடிக்காமல் பிடிக்க ஆள் கூப்பிட்டதுகூட அவரே. பாம்புக்குக் கொடுத்த சந்தேகத்தின் பலனை அதைப் பிடிக்க வந்தவருக்குக் கொடுக்கவில்லை.

கத்திவிட்டேன். என்னென்ன சொன்னேன் என்று நினைவில்லை. பொய்ச் சாட்சி என்றேன், அது தெரியும். அவர் தறிக்கட்டையைப் பிடித்துக்கொண்டு நின்றார். பிறகு மெதுவாகச் சொன்னார்:

"திருட்டுப் போன அன்னிக்கு உனக்குத்தான் மொதல்ல போன் போட்டேன். நீ வக்கீலுக்குப் படிச்சவளாச்சேன்னு. நீ இன்னா கேட்ட? வெளி ஆளு யாராச்சும் சமீபத்துல உள்ள வந்தாங்களான்னு கேட்ட. பாம்பு புடிக்க ஏரிக்கரை ஆளு வந்தான்னேன். அதப் போலீஸ்ல சொல்லிடுங்கன்னு நீதான் சொன்ன. அதுக்கப்புறந்தான் அவன் பேரே என் புகார்ல வந்துச்சு."

நான் வெளியே வந்தேன். தெரு முனை வரை வந்த பிறகுதான் செருப்பை அங்கேயே விட்டுவிட்டது தெரிந்தது. திரும்பிப் போகவில்லை. பஜாரில் புதுசு வாங்கினேன்.


ஜூலை 15, செவ்வாய்

இரண்டு நாளாக அந்த போன் பேச்சை ஞாபகப்படுத்திப் பார்க்கிறேன். கல்லூரியில் தேர்வுத் தாள் திருத்திக்கொண்டிருந்தேன். காதுக்கும் தோளுக்கும் நடுவில் போன். கேட்டது உண்மை. சொன்னதும் உண்மை. அந்த வாரம்தான் வகுப்பில் முன்முடிவு பற்றிப் பாடம் எடுத்திருப்பேன்.

தேன்மொழியிடம் சொன்னேன். திட்டுவாள் என்று நினைத்தேன். பேனா மூடியைக் கடித்துக்கொண்டு யோசித்தாள்.

"மேடம், நீங்க பிரமாண வாக்குமூலம் குடுக்கறீங்க இல்ல, பச்ச நூலப் பத்தி?"

"ஆமா."

"அதுல இதுவும் வரணும்."

"இது எதுக்கு? கேஸுக்குத் தேவையில்ல."

"தேவை. அவரு பேரு புகார்ல எப்படி வந்துச்சுன்னு கோர்ட்டுக்குத் தெரியணும். சந்தேகப்படறதுக்கு எந்தக் காரணமும் இல்ல, ஒரு ஆளு கேட்டாங்க, ஒரு ஆளு சொன்னாங்க, அவ்ளோதான்னு. அத நீங்க சொன்னாத்தான் நிக்கும்."

"கல்லூரியில, ஊர்ல எல்லாம் படிப்பாங்க."

"படிக்கட்டும் மேடம். அவரு வாக்குமூலத்த எல்லாரும் படிச்சாங்களே."

யாரும் படிக்கவில்லை என்பதுதான் விஷயம். ஆனால் அவள் சொன்னது புரிந்தது. கையெழுத்துப் போட்டேன். போன் பேச்சு ஏழாவது பத்தி. நீதிமன்றத்தில் கூடுதல் சாட்சியம் எடுக்கக் கேட்டு மனு, கூடவே நான்கு வாக்குமூலங்களின் நகல்.

ராத்திரி சாப்பாடு தயிர்சாதம். கண்ணாடிக்கு ஸ்க்ரூ போட்டாயிற்று.


ஆகஸ்ட் 19, செவ்வாய்

அப்பீல் கோர்ட். ஒரு மாதமாக வாய்தா, வாய்தா, நீதிபதி விடுப்பு, வாய்தா. இன்றைக்கு எடுத்தார்கள்.

அரசு வக்கீல்: "புகார்தாரரோட சொந்த அண்ணன் மகளே எதிரிக்குச் சாட்சி. குடும்பத் தகராறு ஏதோ இருக்குதுங்க ஐயா."

நான்கு வாக்குமூலங்களைத் தேன்மொழி நீட்டியபோது அவர் சிரித்துக்கொண்டே சொன்னது: "ஸ்டேஷன் ரைட்டர் எழுதற நடை ஒரே மாதிரிதான் இருக்கும்."

நடை. ஒரு மனிதனின் மூன்று வருடம் இவருக்கு நடை.

நீதிபதி அதிகம் பேசாதவர். புகார்தாரரை மறுபடி அழைத்து விசாரிக்கவும், புடவைகளைக் கொண்டு வரவும் உத்தரவு. தேன்மொழி என் கையைப் பிடித்து அழுத்தினாள். சித்தப்பா வராமல் இருக்க ஆயிரம் வழி இருக்கிறது. வந்து மறுபடி அதையே சொல்லவும் வழி இருக்கிறது.


செப்டம்பர் 9, செவ்வாய்

லேசான மழை. பஸ் தாமதம். பயந்துகொண்டே போனேன்.

கோர்ட் வாசலில் சித்தி. தனியாக. இடுப்பில் அந்த வெள்ளைத் துணி மூட்டை. கோர்ட்டுக்கு இதுவரை அவள் வந்ததே இல்லை.

"அவரு வரமாட்டேன்னாரு. நெஞ்சு வலின்னு டாக்டர் கிட்ட சீட்டு வாங்கிட்டாரு. நீங்க வரலன்னா நான் போயி சொல்றேன்னுட்டு பஸ் ஏறிட்டேன். எங்க நிக்கணும் சொல்லு."

சம்மன் அவர் பேரில், நீ பேச முடியாது என்று விளக்கிக்கொண்டிருக்கும்போதே சித்தப்பா ஆட்டோவில் வந்து இறங்கினார். அவசரத்தில் சட்டைப் பொத்தான் மாற்றிப் போட்டிருந்தார். எங்களைப் பார்க்காமல் உள்ளே போனார்.

கூண்டில் சித்தப்பாவும் மூன்று புடவையும். தேன்மொழி கேட்டாள்.

"இது உங்க சரக்கா?"

வெகு நேரம் புடவையைத் தடவிக்கொண்டிருந்தார். "இல்லீங்க. என் சரக்குல பச்ச இழை ரெண்டு இருக்கும். இதுல இல்ல."

நீதிபதி நிமிர்ந்தார். "முன்னாடி உங்களுதுன்னு சொல்லியிருக்கீங்களே?"

"சொன்னேங்க. ஸ்டேஷன்ல சொல்லச் சொன்னாங்க."

"சொல்லச் சொன்னா சொல்லிடுவீங்களா?"

"அவன்தான் எடுத்திருப்பான்னு நெனச்சேங்க."

"எதை வெச்சு?"

"அந்தாளுங்கதானேன்னு."

"எந்த ஆளுங்க?"

பெஞ்சில் கடைசியில் காசியம்மா உட்கார்ந்திருந்தார், பக்கத்தில் அவருடைய குடியிருப்பு ஆட்கள் நாலு பேர். சித்தப்பா ஒருமுறை அந்தப் பக்கம் பார்த்தார். பிறகு தலையைக் குனிந்தார். எழுபத்திரண்டு வயது மனிதர் பரீட்சையில் தோற்ற பையன் மாதிரி நின்றார். பாவமாக இருந்தது. பாவமாக இருந்ததற்காக என்மேல் எரிச்சலாகவும் இருந்தது.

வெளியே சித்தி நேராகக் காசியம்மாவிடம் போனாள். என்ன சொன்னாள் என்று கேட்கவில்லை. காசியம்மா தலையை மட்டும் ஆட்டினார். ஏற்றுக்கொண்டதாகவும் இல்லை, மறுத்ததாகவும் இல்லை.


செப்டம்பர் 26, வெள்ளி

தீர்ப்பு. தண்டனை ரத்து. கன்னியப்பனை உடனே விடுவிக்க உத்தரவு.

தேன்மொழி அழுதாள். பிறகு நகலை வாங்கி உட்கார்ந்து படித்தேன்.

– வழக்கு ஐயத்துக்கு இடமின்றி நிரூபிக்கப்படவில்லை, எனவே சந்தேகத்தின் பலன் எதிரிக்கு.
– மற்ற மூன்று வாக்குமூலங்கள் இந்த மேல்முறையீட்டுக்குத் தொடர்பில்லாதவை.
– மூன்று நாள் எங்கே வைத்திருந்தார்கள்: ஒரு வரிகூட இல்லை.
– மணிக்கட்டு: இல்லை.
– புடவைகள் எங்கிருந்து வந்தன: இல்லை.
– 'எந்த ஆளுங்க' என்று நீதிபதி தானே கேட்ட கேள்வி: இல்லை.
– விசாரணை அதிகாரி: 'கவனக்குறைவு' என்று ஒரே ஒரு சொல்.

அந்த அதிகாரி பதவி உயர்ந்து வேறு மாவட்டத்துக்குப் போய்விட்டாராம். மழை அங்கேயும் தூறும்.

தாழ்வாரத்தில் அரசு வக்கீல் நட்பாகவே கேட்டார்: "ஆளு வெளிய வந்தாச்சு இல்ல மேடம், இன்னும் இன்னா கோபம்?"

கவனக்குறைவு ஒருவரிடம் ஒரு தடவை நடக்கும் என்றேன். ஒரே ஜாதி ஆட்கள் நாலு பேர் மேல், ஒரே எழுத்துப் பிழையோடு நடந்தால் அதற்குப் பேர் வேறு என்றேன். அவர் வாட்சைப் பார்த்தார்.


செப்டம்பர் 27, சனி

வேலூர். சிறை வாசல். நல்ல வெயில். காசியம்மா புதுச் சட்டை ஒன்று வாங்கி வந்திருந்தார். பதினொன்றரைக்கு வெளியே விட்டார்கள். சட்டை தொளதொளவென்று இருந்தது. அவர் இளைத்தது தெரியாமல் பழைய அளவில் வாங்கியிருக்கிறார்.

வேனில் ஏறியதும் கன்னியப்பன் கேட்டார்: "தீர்ப்புல இன்னா எழுதியிருக்குதும்மா?"

தேன்மொழி சொன்னாள், எளிமையாக. சந்தேகத்தின் பலனை உங்களுக்குக் கொடுத்து விடுதலை பண்ணியிருக்கிறார்கள்.

ஆற்றுப் பாலம் தாண்டும்போது அவர் கேட்டார்.

"அப்ப சந்தேகம் இன்னும் இருக்குதா?"

நாங்கள் இரண்டு பேரும் சட்டம் படித்தவர்கள். தேன்மொழி தீர்ப்பு நகலை மடித்துப் பைக்குள் வைத்தாள்.

"திருடலன்னு எழுதல?"

"இல்லண்ணா" என்றாள் தேன்மொழி. "சட்டத்துல அப்படித்தான் எழுதுவாங்க."

"வூட்டுக்கு வா மொதல்ல" என்றார் காசியம்மா. "வந்து சோறு தின்னு. அப்புறம் பேசலாம்."

கன்னியப்பன் அதைக் காதில் வாங்கவில்லை. என் பக்கம் திரும்பினார். "நாளைக்கு ஊர்ல ஒரு பொருளு காணாம போனா, சந்தேகம் இருக்குற ஆளு வூட்டுக்குத்தானேம்மா ஜீப்பு வரும்?"

சந்தேகம் என்ற அந்தச் சொல்லை எடுக்கச் சொல்லி மேல் கோர்ட்டில் மனு போடலாமா என்று தேன்மொழியிடம் கேட்டேன். போடலாம், வருஷக்கணக்கில் ஆகும், கிடைக்கும் என்று உறுதி இல்லை என்றாள்.

"ஆவட்டும்" என்றார் கன்னியப்பன். "போடுங்க."

காசியம்மா கணவனைப் பார்த்தார், பிறகு எங்களை. "மத்த மூணு பேருக்கும் சேத்தே போடுவீங்களா?"

அவர்களிடம் முதலில் கேட்க வேண்டும் என்றேன். தாலிச் சங்கிலிக் கேஸில் மாட்டிய தேசூர்க்காரர் வீடு தனக்குத் தெரியும் என்றார் காசியம்மா. டிரைவரிடம் வண்டியை நேராக அங்கே விடச் சொன்னார்.